கர்லிங் இறுதிப் போட்டி வரப் போகிறது: அந்தக் கல்லை நம்ம ஊர்க் கல்லில் செய்ய முடியாதா?

கல்பட்டறை (சங்ககிரி)

மிலான் கோர்ட்டினா குளிர்கால ஒலிம்பிக் வரும் ஞாயிறு, பிப்ரவரி 22ஆம் தேதியோடு முடிகிறது. கடைசி நாட்கள் என்றால் எல்லோரும் ஐஸ் ஹாக்கியைப் பற்றித்தான் பேசுகிறார்கள், 2014க்குப் பிறகு இப்போதுதான் என்.எச்.எல். (வட அமெரிக்கத் தொழில்முறை ஹாக்கி லீக்) ஆட்டக்காரர்கள் திரும்ப வந்திருக்கிறார்கள், பேசட்டும். எனக்குப் பிடித்துக்கொண்டது கர்லிங், பனிக்கட்டித் தளத்தில் கனத்த கல்லை வழுக்கவிட்டு, இலக்கு வட்டத்தின் மையத்துக்கு யார் கல் நெருக்கம் என்று புள்ளி போடுகிற ஆட்டம். மதியச் சாப்பாட்டு நேரத்தில் ஃபோனில் ஓடவிட்டிருந்தேன், பட்டறைப் பையன்கள் ஒவ்வொருத்தராக வந்து பின்னால் நின்றுவிட்டார்கள். கல் அறுத்துப் பாலிஷ் போட்டே வயிறு வளர்க்கிறவர்கள் நாங்கள், திரையில் இருபது கிலோக் கல் ஒன்று பனிக்கட்டி மேல் சத்தமில்லாமல் வழுக்கிக்கொண்டு போகும்போது கண்ணை எடுக்க முடியுமா.

விஷயம் இதுதான். அந்தக் கல் எல்லாம் ஸ்காட்லாந்துக் கடலில் இருக்கும் அய்ல்சா கிரெய்க் என்ற ஒரு சின்னத் தீவிலிருந்து வருகிறது என்று வர்ணனையில் சொன்னார்கள். உலகத்துக்கே ஒரு தீவுதானா? ஐரோப்பாவில் செத்தவர்களுக்குக் கல்லறைக் கல் தமிழ்நாட்டிலிருந்து கண்டெய்னர் கண்டெய்னராகப் போகிறது. செத்தவன் தலைமாட்டுக்கு ஆகிற கல், உயிரோடு இருக்கிறவன் விளையாட ஆகாதா? சேர்வராயன் மலைப் பாறை, நம்ம பக்கத்துக் கறுப்புக் கல், இதில் எதுவுமே தேறாதா, இல்லை இது வெறும் வியாபாரக் கட்டுப்பாடா? கல்லைப் பற்றித் தெரிந்தவர்கள் சொல்லுங்கள். "இந்தியா கர்லிங்கில் ஒலிம்பிக்கே ஆடினதில்லையே, உனக்கென்ன" என்று எழுத நினைப்பவர்கள் வேறு திரிக்குப் போகலாம்.

மலைப்பாதை (ஏற்காடு)

நல்ல கேள்விங்க. நான் படித்தது புவியியல், கள வேலைக்குச் சுத்தியலோடு அலைந்தது பூராவும் இதே மலைதான், அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

முதலில் ஒன்று. அய்ல்சா கிரெய்க்கில் கிடைப்பது ஒரே கல் இல்லை. கர்லிங் கல்லின் உடம்பு அங்கே கிடைக்கும் 'காமன் கிரீன்' என்ற வகை. ஆனால் பனிக்கட்டியைத் தொடும் அடிப்பாகத்தில் 'புளூ ஹோன்' என்ற இன்னொரு வகையை வட்டமாக வெட்டிப் பதித்திருப்பார்கள். ஏன் இரண்டு வகை? வேலை இரண்டு. உடம்பு மோதலைத் தாங்க வேண்டும், ஒவ்வொரு ஆட்டத்திலும் கல்லோடு கல் இடித்துக்கொண்டே இருக்கிறது, ஓரம் சிதறக் கூடாது. அடிப்பாகம் ஈரத்தைத் தாங்க வேண்டும். கல்லின் அடி முழுக்கப் பனிக்கட்டியில் படாது, நடுவில் குழிவு, ஒரு மெல்லிய வளையம் மட்டும்தான் படும், அதன் அகலம் ஒரு விரல்கூட வராது. பாறையில் கண்ணுக்குத் தெரியாத இடுக்கு இருந்தால் அதில் நீர் புகும், உறையும், உறைந்தால் விரியும், ஒரு நாள் பாறையின் ஒரு மணி, அதாவது ஒரு கனிமத் துகள், பெயர்ந்து வரும். அந்த வளையத்தில் ஒரு மணி பெயர்ந்தால் போச்சு, கல் போகும் பாதையே மாறிவிடும். புளூ ஹோன் ரொம்ப நெருக்கமான நுண்மணிப் பாறை, தண்ணீரைக் குடிப்பது மிகக் குறைவு.

இப்போது நம்ம மலைக்கு வருவோம். சேர்வராயன் மலையின் உடம்பு சார்னோக்கைட் என்ற பாறை. கல்லறைக் கல் என்று சொன்னீர்களே, கொல்கத்தாவில் கிழக்கிந்தியக் கம்பெனிக்காரர் ஜாப் சார்னாக்கின் கல்லறையில் இருப்பதும் இதே இனம்தான், பல்லாவரம் பக்கத்திலிருந்து போன கல், அதைப் பார்த்துத்தான் 1893இல் தாமஸ் ஹாலந்து என்ற புவியியலாளர் இந்தப் பாறைக்குப் பெயரே வைத்தார். உறுதியில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் இதற்கு வயது கிட்டத்தட்ட 250 கோடி ஆண்டு. பூமிக்குள் ரொம்ப ஆழத்தில் வெந்து, நசுங்கி, மறுபடி வெந்து மேலே வந்தது. அய்ல்சா கிரெய்க் ஏறத்தாழ 6 கோடி ஆண்டுதான், ஓர் எரிமலையின் தொண்டையில் உறைந்து நின்ற பாறை, பெரிய நசுங்கலையே பார்க்காதது. வயதான கல்லின் மணிகளுக்குள் பழைய அழுத்தத்தின் நுண்விரிசல்கள் ஓடும். அதோடு சார்னோக்கைட்டின் மணி பெரிசு, வெறும் கண்ணுக்கே தெரியும். அதில் ஒன்று பெயர்ந்தால் பள்ளமும் பெரிசு.

முன்பெல்லாம் அய்ல்சா கல்லில் குவார்ட்ஸ் என்ற கனிமம் இல்லை, அதனால்தான் நொறுங்காது என்று சொல்லிக்கொண்டிருந்தார்கள். கனடாவில் ஆராய்ந்து 2022இல் வெளியிட்டார்கள், குவார்ட்ஸ் தாராளமாகவே இருக்கிறது. ஆக, என்ன கனிமம் என்பதைவிட அந்தப் பாறை என்ன பாடுபட்டு வந்தது என்பதுதான் முக்கியமாகத் தெரிகிறது.

ஒரு தீவு மட்டும்தானா என்றால் இல்லை, வேல்ஸில் ட்ரெஃபோர் என்ற இடத்துக் கல்லும் இதற்கு ஓடுகிறது. ஒலிம்பிக்கில் அய்ல்சா கல். தீவு இப்போது பறவைகள் சரணாலயம், வெடி வைக்க விடமாட்டார்கள், உரிமை வைத்திருக்கும் 'கேஸ்' நிறுவனம் உதிர்ந்து கிடக்கும் பாறைகளைச் சில ஆண்டுகளுக்கு ஒருமுறை படகில் அள்ளிக்கொண்டு வந்து, அதை வைத்தே காலம் தள்ளுகிறது.

ஐந்துரோடு (சேலம்)

கல் ஆராய்ச்சி நடக்கட்டும், ஆட்டத்தையும் பாருங்கள் ஐயா. ஆண்கள் தங்கப் போட்டி சனிக்கிழமை, நம்ம நேரப்படி ராத்திரி பதினொன்றரைக்கு மேல். பெண்கள் தங்கம் ஞாயிறு மதியம் மூன்றரை வாக்கில். அதே ஞாயிறு மதியம் பெண்கள் 50 கிலோமீட்டர் பனிச்சறுக்கு ஓட்டமும் இருக்கிறது, ஒலிம்பிக்கில் பெண்கள் இந்தத் தூரம் ஓடுவது இதுதான் முதல் தடவை, இதுவரை 30தான். சாயந்தரம் ஆறரைக்கு மேல் ஹாக்கி. நிறைவு விழா வெரோனாவில், ரோமானியர்கள் கட்டிய அரங்கில், நமக்குத் திங்கள் அதிகாலை ஒரு மணி ஆகிவிடும், வேலைக்குப் போகிறவர்கள் தூங்கிவிடலாம், விழாவில் ஆட்டமா பாட்டமா என்று நான் பார்ப்பதே இல்லை.

கர்லிங் இறுதிப் போட்டியைப் புதிதாகப் பார்ப்பவர்களுக்கு ஒன்றே ஒன்று. பத்துச் சுற்று, ஒரு சுற்றில் அணிக்கு எட்டுக் கல். கடைசிக் கல் யார் கையில் என்பதை மட்டும் கவனியுங்கள், மற்றது தானாகப் புரியும். கடைசிக் கல் வைத்திருப்பவர்கள் ஒரே ஒரு புள்ளி எடுப்பதற்குப் பதிலாக வேண்டுமென்றே கல்லை வெளியே விட்டு, பூஜ்யம் என்று விட்டுவிடுவார்கள், புள்ளி எடுத்தால் அடுத்த சுற்றில் கடைசிக் கல் எதிரணிக்குப் போய்விடும், எடுக்காவிட்டால் அவர்களிடமே இருக்கும் என்பதற்காக. இது தெரியாவிட்டால் பைத்தியக்காரத்தனமாகத் தோன்றும். 2018 இறுதிப் போட்டியில் அமெரிக்காவும் சுவீடனும் ஏழு சுற்று முடிந்து 5-5 என்று நின்றார்கள், எட்டாவது சுற்றில் அமெரிக்க அணித் தலைவர் ஷுஸ்டர் கடைசிக் கல்லில் ஐந்து புள்ளியை ஒரே மூச்சில் எடுத்தார், 10-7 என்று முடிந்தது. 2022இல் அதே சுவீடன் கூடுதல் சுற்று வரை போய் பிரிட்டனை 5-4 என்று ஜெயித்தது. ஒரு புள்ளி, அவ்வளவுதான். அதற்கு ராத்திரி விழித்திருக்கலாம்.

இன்னொன்று. வீட்டில் ஓர் எவர்சில்வர் டம்ளரைக் கவிழ்த்து மேஜையில் வலப்பக்கமாகச் சுழற்றித் தள்ளிப் பாருங்கள், இடப்பக்கம் வளையும். கர்லிங் கல் அதே சுழற்சிக்கு வலப்பக்கம் வளைகிறது, போய்ச் சேருவதற்குள் ஒரு மீட்டருக்கு மேலேயே. ஏன் என்று விஞ்ஞானிகளே இன்னும் அடித்துக்கொள்கிறார்கள்.

கல்பட்டறை (சங்ககிரி)

மலைப்பாதை அண்ணா, ரொம்ப நன்றி. மணி பெயர்கிற கதை எங்களுக்கு நன்றாகவே தெரியும், பாலிஷ் கடைசிக் கட்டத்தில் ஸ்லாபைச் சாய்த்து வெளிச்சத்தில் பார்த்தால் ஊசி குத்தின மாதிரி புள்ளி புள்ளியாகத் தெரியும், எபாக்சி பசை தடவி மறைத்து அனுப்புகிறவர்களும் உண்டு. பனிக்கட்டியிடம் எபாக்சி செல்லாது போல.

சரி, சார்னோக்கைட் வேண்டாம். கறுப்புக் கல்? அது நுண்மணிதானே, தண்ணீரும் அவ்வளவாகக் குடிக்காதே?

மலைப்பாதை (ஏற்காடு)

அது டோலரைட். நுண்மணி, சரி. நம்ம கறுப்புக் கல்லும் பழசுதான், ஆனால் சார்னோக்கைட் பட்ட பாடு படவில்லை, அதனால் அடிவளையத்துக்கு நான் சட்டென்று தள்ளிவிட மாட்டேன். உடம்புக்கு ஒத்து வருமா என்பதுதான் சந்தேகம்.

லேத்துக்காரர் (ஓமலூர்)

தம்பி, நான் கல்லும் கடைந்திருக்கிறேன், இரும்பும் கடைந்திருக்கிறேன். விதிப்படி கர்லிங் கல்லின் சுற்றளவு 914 மில்லிமீட்டருக்கு மிஞ்சக் கூடாது, உயரம் 114க்குக் குறையக் கூடாது, கைப்பிடி போல்ட்டோடு சேர்த்து எடை 17.24இலிருந்து 19.96 கிலோவுக்குள். கறுப்புக் கல் சாதாரண கிரானைட்டைவிடக் கனம். என் கணக்குக்கு, அதே அளவில் கடைந்தால் கைப்பிடி மாட்டும்போது மேல் வரம்பை உரசிக்கொண்டு நிற்கும். எடையைக் குறைக்க அளவைக் குறைத்தால் மோதும்போது மற்றக் கல்லோடு பட்டை சரியாகப் படாது. அதனால் உடம்புக்கு வேண்டாம், அடியில் பதிக்கிற வட்டத்துக்கு மட்டும் வேண்டுமானால் பாருங்கள்.

ஆனால் நிஜமான சிரமம் ஒரு கல் செய்வதில் இல்லை. பதினாறு கல் ஒன்றுபோல ஓட வேண்டும். அதுவும் ஒலிம்பிக்கில் கல் ஆட்டக்காரர்கள் கொண்டுவருவது இல்லை, போட்டி நடத்துகிறவர்கள் வைத்திருப்பதுதான். அணிக்காரர்கள் பயிற்சி நேரத்தில் ஒவ்வொரு கல்லாகத் தள்ளி, எது வேகம், எது கூட வளைகிறது என்று குறித்து வைத்துக்கொண்டு, ஒரே குணமுள்ள இரண்டை ஜோடி சேர்த்து ஒரே ஆளிடம் கொடுப்பார்கள். அத்தனை பொறுக்கி எடுத்த அய்ல்சா கல்லிலேயே கல்லுக்குக் கல் குணம் மாறுகிறது. நாம் ஒரே பிளாக்கில் பதினாறும் அறுத்தாலும் மேல் பக்கம் அறுத்ததும் கீழ்ப் பக்கம் அறுத்ததும் ஒன்றாக இருக்காது, பட்டறைக்காரருக்குச் சொல்லவா வேண்டும். தட்டிப் பார்த்துக் கணீரென்று கேட்டால் ஆண் கல் என்று சிற்பிகள் எடுப்பார்களே, அந்தக் காது இருக்கிற ஆள் ஒருத்தர் வேண்டும், அதற்கு மேல் நல்ல தராசும் வேண்டும். தாரமங்கலம் கோயிலில் யாளி வாய்க்குள் கல் உருண்டையை உருள விட்ட ஊர்க்காரர்கள்தான் நாம், கைவேலை வராது என்று நான் சொல்ல மாட்டேன். வாங்க ஆள் வேண்டுமே.

பனிமூட்டம் (ஏற்காடு)

செலவில்லாமல் ஒரு சோதனை சொல்லட்டுமா. கல்லைப் பாலிஷ் போட்டுக் கையளவுத் துண்டாக எடுங்கள், எடை போடுங்கள். நாள் முழுக்கத் தண்ணீரில் ஊற வையுங்கள், துடைத்துவிட்டு மறுபடி எடை. அப்புறம் உறைய வைத்து, வெளியே எடுத்து உருக விட்டு, திரும்ப உறைய வைத்து, இப்படியே விடாமல் செய்து லென்சில் பாருங்கள். கர்லிங் தளம் மைனஸ் ஐந்து டிகிரி வாக்கில்தான் இருக்கும், அதற்கு வீட்டு ஃப்ரீசரே போதும். ஏற்காட்டுக் குளிரை நம்பி வெளியில் வைக்காதீர்கள், இங்கே மூட்டம்தான் இருக்கிறது, உறைகிற அளவுக்குக் கிடையாது.

கல்பட்டறை (சங்ககிரி)

செய்து பார்க்கிறேன் அண்ணா. வீட்டு ஃப்ரீசரில் கல்லை வைத்தால் எனக்குச் சோறு கிடைக்காது, பையன் ஒருத்தன் மாமா ஐஸ்கிரீம் ஏஜென்சி வைத்திருக்கிறார், அவரைக் கேட்க வேண்டும். கறுப்பில் ரெண்டு துண்டு, சார்னோக்கைட்டில் ரெண்டு துண்டு வைக்கலாம் என்று இருக்கிறேன். மலைப்பாதை அண்ணா, சார்னோக்கைட்டில் மணி சிறிசாக எந்தப் பக்கம் கிடைக்கும் என்று ஞாயிற்றுக்கிழமைக்குள் சொல்ல முடியுமா, அன்றைக்குப் பட்டறை லீவு, மூன்றரை மணி ஆட்டத்துக்கு முன்னால் வண்டி எடுத்துக்கொண்டு போய் வந்துவிடுவேன். லேத்துக்கார அண்ணா, குழிவான அடியைக் கடைய உங்களிடம் டைமண்ட் டூல் இருக்கிறதா?