டிராகன் பிரேக்: எல்லா முடிவுகளும் நடந்தது என்றால் அந்த ஊர் மக்களுக்கு என்ன ஆனது?

பனிமலைப் பயணி:

வணக்கம். ஸ்கைரிம் கணினி விளையாட்டை முடித்துவிட்டு, அது சேர்ந்த எல்டர் ஸ்க்ரோல்ஸ் தொடரின் உலகத்தின் பழைய வரலாற்றைப் படிக்க ஆரம்பித்திருக்கிறேன். அதே தொடரில் 1996-ல் வந்த டாகர்ஃபாலில் முடிவு ஒன்றல்ல, பல. ஆனால் 2002-ல் மோரோவிண்ட் வந்தபோது எந்த முடிவு உண்மை என்பதற்கு, 'எல்லாமே நடந்தது, காலம் உடைந்துவிட்டது' என்று சொல்லிவிட்டார்கள். அந்த உடைப்புக்குத்தான் டிராகன் பிரேக் என்று பெயர். இது கதை எழுதியவர்கள் தப்பிக்கக் கண்டுபிடித்த வழி போலத் தெரிகிறது. அப்படியே வைத்துக்கொண்டாலும், அன்று அங்கே வாழ்ந்தவர்கள் அதை எப்படி உணர்ந்திருப்பார்கள்? ஸ்கைரிமில் மலை உச்சியில் இருக்கும் காலப் பிளவும் இதே வகையா?

இலியாக் கரைக்காரன்:

தம்பி, டாகர்ஃபாலிலேயே ஊறிப்போனவன் என்ற உரிமையில் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

ட்வெமர்கள் என்ற பழைய இனத்தார் செய்த நுமிடியம் என்ற பித்தளைப் பூதம்தான் எல்லாவற்றுக்கும் காரணம். அதை ஆட்டுவிக்கும் டோட்டம் என்ற மந்திரப் பொருளை யாரிடம் கொடுப்பது என்பது விளையாடுபவர் கையில். பேரரசர் தரப்பு, சாக முடியாமல் தவிக்கும் அண்டர்கிங், பிண வித்தைக்காரன் மன்னிமார்கோ, ஓர்க்குகளின் தலைவன் கோர்ட்வாக், அப்புறம் டாகர்ஃபால், வேய்ரெஸ்ட், சென்டினல் அரசுகள். நான் கோர்ட்வாக்கிடம்தான் கொடுத்தேன். எல்லோரும் விரட்டியடித்த ஓர்க்குகளுக்கு ஒரு நாடு கிடைக்கட்டும் என்று ஆசை.

அடுத்த விளையாட்டில் 'இல்லை, பேரரசர்தான் வென்றார்' என்று ஒரே வரியில் முடித்திருந்தால் ஓர்க்குகளின் நாடான என் ஓர்சினியம் அழிந்திருக்கும். அவர்கள் அப்படிச் செய்யவில்லை. மூன்றாம் யுகம் 417, ஃப்ரோஸ்ட்ஃபால் மாதம். டாகர்ஃபால் கதை நடக்கும் இலியாக் வளைகுடாவைச் சுற்றி இருந்த ஏகப்பட்ட சிற்றரசுகள் மறைந்து நான்கே அரசுகள் நின்றன, அதில் ஓர்சினியமும் ஒன்று. நான்கும் பேரரசுக்குக் கட்டுப்பட்டவை. அண்டர்கிங் தான் ஏங்கிய சாவை அடைந்தான். மன்னிமார்கோ தெய்வமாகி வானத்துக்குப் போனான். ஆனால் 2006-ல் வந்த ஆப்லிவியனில் அதே மன்னிமார்கோ ஒரு குகையில் சாகக்கூடிய உயிராக எதிரே வந்து நிற்பான்! அவனைக் கண்டதும் நான் விசைப்பலகையிலிருந்து கையை எடுத்துவிட்டேன். தெய்வமானவனும் உண்மை, ஆகாதவனும் உண்மை.

இதைத் தப்பிக்கும் வழி என்று நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். டாகர்ஃபால் விளையாடிய ஒவ்வொருவரின் உழைப்பையும் மதித்த முடிவு அது. ஆனால் அதற்கான விலையை உள்ளே இருந்த மக்கள் கொடுத்தார்கள். தூங்கி எழுந்தால் அரசன் வேறு, எல்லை வேறு. நடுவில் நடந்ததைப் பற்றிச் சாட்சி சொன்னவர்களின் பேச்சு ஒன்றோடொன்று ஒத்துப்போகவே இல்லை. 'மேற்கின் திரிபு' என்று சிலர் அதைச் சொன்னார்கள், அரசாங்கம் 'அமைதியின் அற்புதம்' என்று பெயர் வைத்தது. ஊர் அழிந்தவனிடம் போய் அற்புதம் என்று சொன்னால் அவனுக்கு எப்படி இருந்திருக்கும்? எனக்கு இன்றும் உறுத்துவது அதுதான்.

நூலகத்து மூலை:

காலப் பிளவு வேறு. பழைய நோர்ட் வீரர்கள் எல்டர் ஸ்க்ரோல் என்ற மந்திரச் சுருளை வைத்து ஆல்டுவின் என்ற டிராகனைக் காலத்தில் முன்னோக்கி வீசியதால் ஏற்பட்ட காயம் அது. காலம் அங்கே கிழிந்திருக்கிறது, ஆனால் ஓட்டம் ஒன்றுதான். டிராகன் பிரேக்கில் அந்த ஓட்டமே பலவாகப் பிரிந்து, பிறகு ஒன்றுசேர்கிறது. காலத்தின் தெய்வமான அகடோஷ் டிராகன் வடிவம், அதனால்தான் அந்தப் பெயர்.

பெரிய உடைப்பு முதல் யுகத்தில் வருகிறது, 1200 முதல் 2208 வரை. அகடோஷிடமிருந்து எல்ஃப்களின் சாயலை நீக்கவேண்டும் என்று மாருகாட்டி துறவிகள் ஒரு சடங்கு செய்ய, 1008 வருடம் காலமே இல்லாமல் போனது. அந்தக் காலத்தைப் படிக்கப்போனால் எல்டர் ஸ்க்ரோல்களில் இருக்கும் எழுத்துகளே மறைந்துவிடுமாம்.

பனிமலைப் பயணி:

காலமே இல்லை என்றால் 1008 என்று எண்ணியது யார்?

நூலகத்து மூலை:

அந்த உலகத்து அறிஞர் ஒருவரே இதைக் கேட்டிருக்கிறார். விளையாட்டுக்குள் கிடைக்கும் அவருடைய நூலைப் படியுங்கள். முதல் யுகத்து அலெஸ்ஸியர்களின் ஆண்டுக் கணக்கைப் பின்னால் வந்தவர்கள் தவறாகப் புரிந்துகொண்டார்கள், உடைப்பு என்று ஒன்று நடக்கவே இல்லை என்பது அவர் வாதம். எனக்கு அவர் பக்கம்தான் நியாயம் தெரிகிறது.

இலியாக் கரைக்காரன்:

எனக்குத் தெரியவில்லை. அந்த அறிஞர் எழுதியது மூன்றாம் யுகத்தின் கடைசிக் காலத்தைப் பின்னோக்கிப் பார்த்து. இலியாக் வளைகுடாவில் 417-ல் நடந்ததை அவர் நேரில் பார்த்தவராக எனக்குத் தோன்றவில்லை. பார்த்திருந்தால் அந்த நூலை அப்படி எழுதியிருக்க மாட்டார்.

பயணி கேட்டதற்கு வருகிறேன். எண்ணியது பூனை இனமான கஜீத்கள். அந்தக் கணக்கைக் குறித்துவைத்ததே நாங்கள்தான் என்று அவர்களில் ஒருவர் சொல்வதாக ஒரு பழைய குறிப்பு இருக்கிறது. அவர்கள் வாழ்க்கை முழுக்க இரண்டு நிலாக்களைச் சார்ந்தது. குட்டி எந்த உருவத்தில் வளரும் என்பதே பிறக்கும்போது நிலாக்கள் இருக்கும் நிலையைப் பொறுத்தது. அகடோஷின் காலம் நின்றாலும் நிலாக் கணக்கு நிற்கவில்லை என்பது என் புரிதல். எல்லோருக்கும் எல்லாம் குழம்பிக் கிடந்தபோது, ஆயிரம் வருடம் வானத்தைப் பார்த்துத் தவறாமல் எழுதிவைத்திருக்கிறார்கள். அவர்களைத் திருடர்கள் என்று சொல்லி ஸ்கைரிமில் ஊருக்குள் விடமாட்டார்கள், கவனித்தீர்களா?

அடுத்து மோரோவிண்ட் விளையாடுங்கள். செம்மலைப் போரில் பழங்காலத் தலைவன் நெரெவார் எப்படி இறந்தான் என்று ஒவ்வொருவரும் ஒரு கதை சொல்வார்கள். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு இங்கே வந்து எழுதுங்கள்.