550–0: 1901-இல் மிச்சிகன்தான் அமெரிக்காவின் முதல் அணியா?

பழைய ஸ்கோர்ஷீட்:
அமெரிக்கக் கல்லூரி ஃபுட்பாலில் 1901 சீசனின் மிகச் சிறந்த அணி எது என்று கேட்டால் என் பதில் மிச்சிகன். (புதிதாகப் படிப்பவர்களுக்கு: இது முட்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்தி ஓடும் ஆட்டம், நம்மூர்க் கால்பந்து இல்லை.) ஃபீல்டிங் யோஸ்ட் அங்கே பயிற்சியாளராகச் சேர்ந்த முதல் வருடம் அது. 11 ஆட்டம், 11 வெற்றி. ஆல்பியன் 50, கேஸ் 57, இண்டியானா 33, நார்த்வெஸ்டர்ன் 29, பஃபலோ 128, கார்லைல் 22, ஒஹாயோ ஸ்டேட் 21, சிகாகோ 22, பெலாய்ட் 89, ஐயோவா 50. கடைசியாக 1902 ஜனவரி 1 அன்று பசடேனாவில் ஸ்டான்ஃபோர்டுக்கு எதிராக 49. மொத்தம் 550. எதிரணிக் கட்டத்தில் பதினொன்றும் பூஜ்யம். இதற்கு மேல் என்ன சான்று வேண்டும்?

யார்டு கணக்கு:
அந்தப் பட்டியலையே பிரித்துப் பாருங்கள் சார். ஆல்பியன், கேஸ், பஃபலோ, பெலாய்ட் என்ற எளிய அணிகள் நான்கிடம் மட்டும் 324 புள்ளி. மீதி ஏழு ஆட்டத்தில் 226, அதாவது ஆட்டத்துக்குச் சுமார் 32. நல்ல அணிதான், ஆனால் 550 என்று சொல்லும்போது மனதில் எழும் பிரம்மாண்டம் அதில் பாதிகூட இல்லை.

இன்னொன்று, விதி. அன்று புள்ளியைப் பறிகொடுத்த அணியேதான் அடுத்த கிக் ஆஃபை (ஆட்டத்தை மறுபடி தொடங்கும் உதையை) உதைக்க வேண்டும். நீங்கள் டச் டவுன் போட்டால் (பந்தோடு எதிரணியின் கோல் கோட்டைத் தாண்டினால்) பந்து மறுபடி உங்களிடமே வரும். ஐந்து யார்டு முன்னேற மூன்று டவுன் (முயற்சி) இருந்ததால், வலுவான லைன் (முன்வரிசை) உள்ள அணி இரண்டு, இரண்டரை யார்டாக இடித்துத் தள்ளியே மைதானத்தைக் கடந்துவிடலாம். எதிரணி பந்தைத் தொடாமலே பாதி ஆட்டம் ஓடிவிடும். ஆகவே 550 மட்டும் ஊதிப்போன எண் இல்லை, அந்தப் பூஜ்யமும் அப்படித்தான். பந்தே கிடைக்காதவன் எப்படிப் புள்ளி எடுப்பான்?

பழைய ஸ்கோர்ஷீட்:
கிக் ஆஃப் விதி மிச்சிகனுக்கு மட்டுமா இருந்தது? ஹார்வர்டுக்கும் யேலுக்கும் அதே விதிதான். அவர்களுடைய பட்டியலில் முழுக்கப் பூஜ்யம் இல்லையே.

பஃபலோவை ஏதோ உள்ளூர்ச் சிறுவர் அணி போலத் தள்ளுவதும் சரியில்லை. அதே சீசனில் கொலம்பியாவை 5–0 என்று வென்று வந்த அணி அது. ஐயோவாவைப் பாருங்கள்: 1900-இல் மிச்சிகனை 28–5 என்று புரட்டி எடுத்தவர்கள். ஒரே வருடத்தில் அது 50–0 என்று திரும்பியது. நடுவே மாறியது பயிற்சியாளர்.

யார்டு கணக்கு:
ஐயோவாவும் மாறியிருந்தது. 1900-இன் அந்த அணி அடுத்த வருடம் இல்லை. மிச்சிகனைச் சந்திக்கும் முன்பே மினசோட்டாவிடம் தோற்றிருந்தார்கள்.

கோல் கம்பம்:
இருவரும் ஸ்கோரை வைத்தே சண்டை போடுகிறீர்கள். ஆட்டம் எப்படி நடந்தது என்று பாருங்கள், அங்கேதான் விஷயம் இருக்கிறது. ஃபார்வர்ட் பாஸ் (பந்தை முன்னோக்கி எறிவது) 1906 வரை கிடையாது. இரண்டு லைனுக்கும் நடுவே பந்தின் நீளத்துக்கு விடும் இடைவெளியான நியூட்ரல் ஸோனும் அந்த வருடம்தான் வந்தது. அதுவரை அந்த இடைவெளி கிடையாது, மூக்கோடு மூக்கு. அப்படிப்பட்ட ஆட்டத்தில் யோஸ்ட் கண்டுபிடித்த ஆயுதம் வேகம். ஓடியவன் விழுந்து, மேலே விழுந்தவர்கள் எழுவதற்குள் ஆட்டத்தை நடத்தும் குவார்டர்பேக் வீக்ஸ், அடுத்த நகர்வைச் சொல்லும் சிக்னல் எண்ணைக் கத்திவிடுவார். மற்ற பத்துப் பேரும் எழும்போதே தங்கள் இடத்துக்குப் போயிருப்பார்கள். எதிரணி முன்வரிசையின் டேக்கிள் எந்தப் பக்கம் சாய்வது என்று முடிவு செய்வதற்குள் பந்து நகர்ந்துவிடும்.

இதைச் செய்ய இரண்டு தேவை. எல்லா எண்ணும் யோசிக்காமல் வரும் அளவுக்குப் பயிற்சி வேண்டும், கடைசிவரை மூச்சு வேண்டும். பசடேனாவில் மிச்சிகன் 11 பேரை வைத்தே முழு ஆட்டத்தையும் முடித்தது, ஒரு மாற்று ஆள்கூட இறங்கவில்லை. ஸ்டான்ஃபோர்டு ஆட்கள் காயத்தில் விழுந்துகொண்டே இருந்தார்கள். எட்டு நிமிடம் மிச்சமிருக்கையில் அவர்களுடைய கேப்டனே நிறுத்திக்கொள்ளலாம் என்றார். முதல் பாதியில் 17 புள்ளி, இரண்டாம் பாதியில் 32. வேகத்தின் விளைவு அந்த இரண்டு எண்ணிலேயே தெரிகிறது.

அந்த 49-இன் உள்கணக்கையும் சொல்லிவிடுகிறேன். டச் டவுனுக்கு 5, அதன் பின் உதைக்கு 1, ஃபீல்டு கோலுக்கும் (டச் டவுன் இல்லாமலே கம்பங்களுக்கு நடுவே உதைப்பதற்கும்) 5. நீல் ஸ்னோ 5 டச் டவுன், ரெடன் 2, ஹெர்ன்ஸ்டீன் 1, ஆக 40. ஸ்வீலியின் ஃபீல்டு கோல் 5. ஷார்ட்ஸ் உதைத்ததில் நான்குதான் உள்ளே போயின. எட்டுக்கு நான்கு என்பது இன்று மோசமாகத் தெரியும். அன்று டச் டவுன் விழுந்த இடத்துக்கு நேராகத்தான் பந்தைப் பின்னுக்கு எடுத்து வந்து உதைக்க வேண்டும். மூலையில் விழுந்திருந்தால் கோணம் கொடூரம். அதைத் தவிர்க்க வேண்டுமானால், கோல் கோட்டிலிருந்து ஒருவர் பந்தைக் கையிலிருந்து விட்டு மைதானத்துக்குள் உதைக்க (பன்ட்), தன் ஆள் ஒருவர் அதை நழுவவிடாமல் பிடிக்க வேண்டும். பிடித்த இடத்திலிருந்து உதை. நழுவினால் அந்த ஒரு புள்ளியும் போச்சு. அதே ஆட்டத்தை இன்றைய மதிப்பில் போட்டால் 55 வரும். புள்ளி முறை மிச்சிகனுக்கு எதிராகத்தான் இருந்தது.

யார்டு கணக்கு:
அருமையான விவரம், வேகத்தை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஸ்டான்ஃபோர்டை அளவுகோலாக வைக்காதீர்கள். 1900-இல் அந்த அணிக்குப் பயிற்சியாளராக இருந்தவர் இதே யோஸ்ட், அவர்களுடைய பலவீனம் அவருக்கு அத்துப்படி. கலிஃபோர்னியாவில் தான் பயிற்சி கொடுத்த ஆட்டக்காரர் ஹெஸ்டனையும் மிச்சிகனுக்குக் கொண்டுவந்தார். சான் ஹோஸேயில் ஏற்கெனவே ஆடியவர் மிச்சிகனில் மேலும் நான்கு சீசன் ஆடினார். 1906-இல் மிச்சிகன் இருந்த கல்லூரிக் கூட்டமைப்பான மேற்கு கான்ஃபரன்ஸ் மூன்று சீசன் வரம்பு கொண்டுவந்தது இப்படிப்பட்ட வழக்கங்களால்தான்.

என் முக்கியமான கேள்விக்கு இன்னும் பதில் வரவில்லை. விஸ்கான்சின் அந்த வருடம் 9 வெற்றி, தோல்வி இல்லை. கான்ஃபரன்ஸ் பட்டத்தை மிச்சிகன் அவர்களோடு பகிர்ந்துதான் கொண்டது, இரண்டும் மோதவே இல்லை. கிழக்கே ஹார்வர்டு 12 ஆட்டத்தையும் வென்றது, யேலை 22–0 என்று வீழ்த்தியது. அவர்களோடும் மோதவில்லை. அன்று வாக்கெடுப்பு எதுவும் இல்லை, ஏ.பி. செய்தி நிறுவனத்தின் தரவரிசையே 1936-இல்தான் தொடங்கியது. மிச்சிகனுக்கு ஹெல்ம்ஸ் என்ற விளையாட்டு அமைப்பு கொடுத்த பட்டம் பல பத்தாண்டு கழித்து வந்தது.

பழைய ஸ்கோர்ஷீட்:
விஸ்கான்சினை அடுத்த வருடமே சிகாகோவில் 6–0 என்று முடித்தாயிற்றே!

யார்டு கணக்கு:
அது 1902-இன் மிச்சிகன், 1902-இன் விஸ்கான்சின். ஐயோவா விஷயத்தில் ஒரே வருடத்தில் எல்லாம் தலைகீழாகும் என்று சொன்னது நீங்கள்தான். மேலும் 6–0 என்றால் ஒரு டச் டவுன், ஒரு உதை. அத்தனை நெருக்கம்.

ஒரே சீசனில் ஒப்பிட நமக்குக் கிடைப்பது கார்லைல்தான். மிச்சிகன் அவர்களை 22–0 என்று வென்றது, ஹார்வர்டு 29–0.

கோல் கம்பம்:
ஏழு புள்ளி வித்தியாசத்தை வைத்து ஹார்வர்டை மேலே தூக்கவும் முடியாது. கார்லைல் சீசன் முழுக்க ரயிலில் ஊர் ஊராகப் போய் ஆடிய அணி, எந்த வாரம் எத்தனை பேர் காயத்தில் இருந்தார்கள் என்பதைப் பொறுத்து ஸ்கோர் மாறும். மேற்கில் மிச்சிகன், கிழக்கில் ஹார்வர்டு என்பதுவரை நான் வருகிறேன்.

பழைய ஸ்கோர்ஷீட்:
நான் அங்கே நிற்க மாட்டேன். 1901 முதல் 1905 வரை 57 ஆட்டத்தில் 2,821 புள்ளி எடுத்து 42 மட்டுமே கொடுத்த அணி இது. தோல்வி ஒன்றே ஒன்று, 1905-இல் சிகாகோவிடம் 2–0. அந்த ஐந்து வருடத்துக்குள் பூஜ்யம் மட்டுமே கொடுத்த சீசன் 1901.

யார்டு கணக்கு:
ஐந்து வருடத்துக்கு என்றால் உங்கள் பக்கம் நானும் கையெழுத்துப் போடுகிறேன். 1901-க்கு மட்டும் என்றால் விஸ்கான்சினைக் களத்தில் சந்திக்காத அணிக்குத் தனிப்பட்டம் கிடையாது.