மறு: ‘தாமதத் திருத்தம்’ சரிதானா?

அனைவருக்கும் வணக்கம்.

சொத்து வழக்குகளில் கடைசி நேரத்தில் வழக்குரையை (வாதி தன் கோரிக்கையை எழுதித் தாக்கல் செய்யும் ஆவணத்தை) திருத்தக் கேட்டுப் போடும் மனுவுக்கு ‘தாமதத் திருத்தம்’ என்ற சொல், சட்டத் தமிழ்ச் சொற்களைத் தேடும் இந்த இழையில் முன்வைக்கப்பட்டிருக்கிறது. படித்த உடனே புரிகிறது, அது அதன் பலம். ஆனாலும் எனக்கு உடன்பாடில்லை. தாமதம் என்பது ஆண்டுக் கணக்கு. வழக்குரைத் திருத்தத்துக்கான உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 6 விதி 17 பார்க்கும் கணக்கு வேறு: விசாரணை தொடங்கிவிட்டதா, இல்லையா?

1999 திருத்தச் சட்டம் இந்த விதியையே எடுத்துவிடப் பார்த்தது. வழக்கறிஞர்கள் கொதித்தெழுந்தார்கள். அது நடைமுறைக்கு வருவதற்குள் 2002 திருத்தச் சட்டம் விதியைத் திரும்பக் கொண்டுவந்து, கூடவே ஒரு வரம்புரையையும் (விதியைக் கட்டுப்படுத்தும் நிபந்தனையையும்) சேர்த்தது. விசாரணை தொடங்கிய பிறகு திருத்தம் கிடையாது. உரிய முனைப்போடு (due diligence) இருந்தும் அந்த விஷயத்தை முன்பே எழுப்பியிருக்க முடியாது என்று நீதிமன்றம் கருதினால் மட்டும் உண்டு. 2002 ஜூலை 1 முதல் இதுதான் சட்டம்.

தாமதம் வேறு, இது வேறு என்பதற்குத் தமிழ்நாட்டிலிருந்து உச்ச நீதிமன்றம் போன ஒரு வழக்கே போதும். 1988இல் நிரந்தர உறுத்துக்கட்டளை (எதிர்த்தரப்பு தலையிடக் கூடாது என்னும் தடையாணை) மட்டும் கேட்டுத் தாக்கலானது. வழக்கு நிலுவையில் இருக்கும்போதே, 1989 ஜனவரியில், எதிர்த்தரப்பு தன்னை நிலத்திலிருந்து வெளியேற்றிவிட்டது என்பது வாதியின் வாதம். உரிமை விளம்புகையும் (சொத்து தன்னுடையது என்று நீதிமன்றம் அறிவிப்பது) சுவாதீன மீட்பும் (நிலத்தைத் திரும்பப் பெறுவது) சேர்க்க அவர் மனுப் போட்டது 1999இல். பதினோரு ஆண்டு! உச்ச நீதிமன்றம் 2002இல் அனுமதித்தது, ஏனென்றால் சாட்சி விசாரணை இன்னும் தொடங்கவில்லை. அது வரம்புரைக்கு முந்திய வழக்குரைதான். ஆனாலும் ‘தாமதத் திருத்தம்’ என்று நாம் பெயர் வைத்தால், முதலில் அந்தப் பெயருக்குள் வந்து உட்காருவது இந்த வழக்குதான். மாறாக, தாக்கலான எட்டாவது மாதமே சாட்சிக் கூண்டில் வாதி ஏறிவிட்ட வழக்கில் திருத்த மனு வந்தால் தாமதம் என்று யாரும் சொல்லமாட்டார்கள். வரம்புரை மட்டும் குறுக்கே நிற்கும்.

இப்படிப்பட்ட மனுக்கள் ஏன் இவ்வளவு வருகின்றன என்பதையும் பார்த்தால் சொல் எளிதாக அமையும். விளம்புகை கேட்டால் நீதிமன்றக் கட்டணம் கூடும். 1955ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டு நீதிமன்றக் கட்டணச் சட்டத்தில் விளம்புகைக்குப் பிரிவு 25, உறுத்துக்கட்டளைக்குப் பிரிவு 27. ‘இப்போதைக்கு உறுத்துக்கட்டளை மட்டும் போடுவோம்’ என்று ஆரம்பிப்பார்கள். எதிர்வழக்குரையில் (பிரதிவாதியின் பதிலில்) ‘வாதிக்கு உரிமையே இல்லை’ என்று வந்துவிடும். உரிமை மீது நிழல் விழுந்தால் வெறும் உறுத்துக்கட்டளை போதாது, விளம்புகையும் கேட்க வேண்டும் என்று 2008இல் உச்ச நீதிமன்றம் தெளிவாகவே சொல்லியிருக்கிறது. ஆனாலும் குறுக்கு விசாரணையில் அடி வாங்கிய பிறகுதான் திருத்த மனு எழுதப்படும்.

இன்னொரு வகை சொத்து விவரம். வழக்குரையில் புல எண் 142/3. கையில் இருக்கும் பட்டாவில் 142/8. நான்கெல்லை எல்லாம் சரியாகவே இருக்கும். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் பட்டாவைச் சாட்சியிடம் நீட்டி ‘இந்த எண்ணைப் படியுங்கள்’ என்று கேட்கும்போதுதான் வெளியே வரும். பட்டா முதல் நாளிலிருந்து வாதியின் பெட்டியிலேயே இருந்ததென்றால் உரிய முனைப்பு இருந்தது என்று எப்படிச் சொல்வது?

அதனால் என் பரிந்துரை: விசாரணையிடைத் திருத்தம். ‘இடைமனு’ (வழக்கு நடக்கும்போதே போடும் மனு) ஏற்கெனவே புழக்கத்தில் இருப்பதால் ‘இடை’ அந்நியமாகத் தோன்றாது. ‘பின்விசாரணைத் திருத்தம்’ வேண்டாம். விசாரணை முடிந்து தீர்ப்புக்குக் காத்திருக்கும் கட்டம் என்று படிப்பவர் நினைத்துக்கொள்வார். இழையில் இன்னொருவர் கேட்டது:

> ‘விசாரணை’ என்றால் வாய்தாவும் விசாரணைதான், காவல் நிலையத்திலும் விசாரணைதான். ‘சாட்சியக்கட்டத் திருத்தம்’ என்றே வைத்துவிடலாமே?

நல்ல கேள்வி, ஐயா. ‘விசாரணை’ தமிழில் அளவுக்கு மீறி உழைக்கும் சொல் என்பது உண்மை. ஆனால் விசாரணை எப்போது தொடங்குகிறது என்பதே நீதிமன்றங்களில் வாதத்துக்குரிய விஷயம். எழுவினாக்கள் (வழக்கில் முடிவுசெய்ய வேண்டிய கேள்விகள்) வனையும் நாளா? சாட்சியின் முதல் விசாரணைக்குப் பதிலாக எழுத்தில் நிரூபண வாக்குமூலம் தாக்கலாகும் நாளா? 2008 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் பின்னதைத்தான் எடுத்துக்கொண்டது. இருந்தும், சட்டத்தில் இருக்கும் சொல்லுக்கு நேராக நம் சொல் நிற்க வேண்டும். ஒரு தீர்ப்பின் விளக்கத்தைக் கலைச்சொல்லுக்குள்ளேயே பூட்டிவிட்டால், நாளைக்கு விளக்கம் மாறும்போது சொல் பொய்யாகிவிடும்.

‘உரிய கவனம்’ பற்றியும் ஒரு வார்த்தை. சில மொழிபெயர்ப்புகளில் அப்படி இருக்கிறது. கவனம் என்பது கவனக்குறைவு வழக்குகளுக்குச் சரி. இங்கே கேள்வி, வில்லங்கச் சான்று எடுத்தாரா, பட்டாவைப் பார்த்தாரா, பத்திர நகல் கேட்டாரா என்பது. எல்லாம் எழுந்து போய்ச் செய்யும் வேலை. அதனால்தான் மேலே ‘உரிய முனைப்பு’ என்று எழுதினேன். ‘உரிய முயற்சி’யும் எனக்குச் சம்மதமே.

சொல் கிடைக்காமல் நான் மாட்டிக்கொண்டு நிற்பது ஒன்று. திருத்தம் அனுமதிக்கப்பட்டால் அது பொதுவாக வழக்கு தாக்கலான தேதியிலிருந்தே இருந்ததாகக் கொள்ளப்படும். ஆனால் மேலே சொன்ன 2002 தீர்ப்பில், சேர்த்த பரிகாரங்கள் திருத்த மனு போட்ட தேதியில் கேட்டதாகவே கொள்ள வேண்டும் என்று நீதிமன்றம் நிபந்தனை விதித்தது. விளம்புகைக்குக் காலவரம்பு மூன்றே ஆண்டு என்பதால் சொத்து வழக்கின் உயிரே இந்தத் தேதியில் இருக்கிறது. ‘முன்தேதியிட்ட விளைவு’ என்றால் யாரோ திருட்டுத்தனமாகத் தேதி மாற்றியதுபோல் ஒலிக்கிறது. ‘பின்னோக்கு விளைவு’ சட்டங்களுக்கு ஏற்கெனவே எடுத்தாயிற்று. ‘தாக்கல்தேதிச் சார்த்தல்’ என்று ஒன்று எழுதிப் பார்த்தேன், நாக்கில் புரளமாட்டேன் என்கிறது. உரிமையியல் பக்கம் தினமும் மனு எழுதுபவர்கள் இதற்கு என்ன சொல்கிறீர்கள்?