‘மேனுவல்’ என்னும் வித்தைக்குத் தமிழ்ச்சொல்: ஓரச்சோட்டமா, பின்பாரமா?

அன்புள்ள குழுவினருக்கு,

வணக்கம். ‘டோனி ஹாக்’ஸ் ப்ரோ ஸ்கேட்டர் 2’ என்ற ஸ்கேட்போர்டு (சக்கரப்பலகை) வீடியோ விளையாட்டின் வித்தைப் பட்டியலைத் தமிழாக்கும் நம் உரையாடல் இழை ‘மேனுவல்’ என்ற ஒரு சொல்லில் வந்து நின்றுவிட்டது. நானும் முதலில் பட்டியலைக் கணினி மொழிபெயர்ப்பில் இட்டுப் பார்த்தேன். அது சற்றும் தயங்காமல் ‘கையேடு’ என்றது. பலகையின் மூக்கை, அதாவது முன்முனையை, தாழ்த்திச் செய்யும் வகைக்கு ‘மூக்குக் கையேடு’ என்றது. சிரித்துவிட்டு விட்டுவிடலாம்தான். ஆனால் ‘கைமுறை ஓட்டம்’ என்று இங்கே முன்மொழியப்பட்ட சொல்லும் அதே தவற்றைத்தான் சற்று நாகரிகமாகச் செய்கிறது. ஆங்கிலச் சொல்லின் வேறொரு பொருளை எடுத்துக்கொண்டு, கைக்கு வேலையே இல்லாத ஒரு வித்தைக்குக் கையைப் பெயராக வைக்கிறது.

வித்தை என்னவென்று பார்ப்போம். ஸ்கேட்போர்டின் அடியில் முன்னும் பின்னும் இரண்டு அச்சுகள் உள்ளன. ஒவ்வோர் அச்சிலும் இரண்டு சக்கரங்கள். ஓட்டுபவர் உடல் எடையைப் பின்னுக்குச் சாய்த்து, முன் சக்கரங்களைத் தரையிலிருந்து தூக்கி, பலகையின் வால் தரையில் உரசாதபடி பின் அச்சிலேயே உருண்டு போவதுதான் மேனுவல். எடையை முன்னுக்குக் கொண்டுபோய் முன் அச்சில் மட்டும் உருண்டால் அது நோஸ் மேனுவல். வால் தரையைத் தொட்டாலும் வித்தை முடிந்தது, தூக்கிய சக்கரங்கள் இறங்கினாலும் வித்தை முடிந்தது.

விளையாட்டில் இதற்கு இருக்கும் இடம் தனியானது. நெவர்சாஃப்ட் உருவாக்கி ஆக்டிவிஷன் வெளியிட்ட முதல் விளையாட்டு 1999ஆம் ஆண்டு ப்ளேஸ்டேஷனுக்கு வந்தபோது அதில் மேனுவல் கிடையாது. வித்தைகளின் மதிப்பெண்களைக் கூட்டி, எத்தனை வித்தைகளோ அந்த எண்ணால் பெருக்குவதே அதன் கணக்கு. 500, 100, 700 என மூன்று வித்தைகளை ஒரே தொடரில் செய்தால் 1,300ஐ மூன்றால் பெருக்கி 3,900 கிடைக்கும். ஆனால் சமதரையில் கால் பதித்த நொடியிலேயே தொடர் அறுந்துவிடும். 2000ஆம் ஆண்டு வந்த இரண்டாம் விளையாட்டில்தான், தரையிறங்கும் தறுவாயில் மேல், கீழ் பொத்தான்களை அடுத்தடுத்துச் சட்டென்று தட்டினால் ஆள் மேனுவலில் இறங்குவார் என்ற ஏற்பாடு வந்தது. கீழ், மேல் என்று மாற்றித் தட்டினால் நோஸ் மேனுவல். ஓட்டுபவருக்கு அருகே ஓர் அளவி தோன்றும். அதன் முள் தராசு முள்ளைப் போல அலையும். பொத்தான்களை மாற்றி மாற்றித் தொட்டு அந்த முள்ளை நடுவில் நிறுத்தியபடியே, தொடர் அறாமல், பலகையை உரசிச் செல்லும் அடுத்த கம்பி வரை உருண்டு போக வேண்டும். முள் எல்லை தாண்டி ஆள் விழுந்தால் தொடரில் சேர்த்த அத்தனையும் போய்விடும். என் தம்பி கடைசி ஐந்து நொடியில் இப்படித் தொலைத்த மதிப்பெண்களை எண்ணிப் பார்த்தால் இன்றும் வயிறு எரிகிறது.

இந்தப் பயனை வைத்துத்தான் நம் மூத்த உறுப்பினர் ‘இணைப்போட்டம்’ என்ற சொல்லைத் தந்தார்கள். இரண்டு வித்தைகளுக்கு நடுவே மேனுவல் நிற்பதைப் புணர்ச்சியில் தோன்றும் உடம்படுமெய்க்கு ஒப்பிட்ட அவருடைய விளக்கம் எனக்கு மிகவும் பிடித்திருந்தது. இருந்தாலும், ஐயா, அது விளையாட்டு இந்த வித்தைக்குக் கொடுத்த வேலை. வித்தையின் இயல்பு அன்று. தெருவில் ஒருவர் உயரமான மேடை ஒன்றின் மீது தாவி ஏறி, அதன் முழு நீளத்தையும் மேனுவலிலேயே கடந்து இறங்கும்போது, அவர் எதையும் இணைக்கவில்லை. மேலும் 2001இல் வந்த மூன்றாம் விளையாட்டில் ‘ரிவர்ட்’ என்ற இன்னொரு இணைப்பும் சேர்ந்துவிட்டது. வளைந்து எழும் சரிவுத்தளத்தில் இறங்கியவர் பலகையைத் திருப்பி, அங்கிருந்து மேனுவலுக்குப் போய்த் தொடரை நீட்டலாம். இணைப்பதைப் பெயராக வைத்தால் இரண்டில் எதற்கு வைப்பது?

‘வீலிங்’ என்றே விட்டுவிடலாம் என்பவர்களின் கருத்தை நான் எளிதில் ஒதுக்க மாட்டேன், அது எல்லாருக்கும் தெரிந்த சொல். ஆனால் அதைக் கேட்டதும் கண்முன் வருவது முன் சக்கரம் தூக்கிய மோட்டார் சைக்கிள். நோஸ் மேனுவலுக்கு அதில் இடமே இல்லை. ‘பின்சக்கர ஓட்டம்’ என்பதற்கும் இதே குறைதான்.

ஆகவே இரண்டு வகைக்கும் பொதுப்பெயராக ‘ஓரச்சோட்டம்’ என்பதை முன்வைக்கிறேன். ஓர் அச்சில் ஓடும் ஓட்டம் என்பது பொருள். அச்சு என்றால் அச்சகம்தான் நினைவுக்கு வரும் என்ற அச்சம் வேண்டாம்; மயிற்பீலியே ஆனாலும் அளவுக்கு மிஞ்சி ஏற்றினால் வண்டியின் அச்சு முறியும் என்ற குறளைப் பள்ளியிலேயே படித்தவர்கள் நாம். ஓரத்திலுள்ள அச்சு என்று பிரித்துப் படித்துவிடுவார்களே என்று ஒரு தோழி தனிமடலில் கேட்டார். ‘ஓரெழுத்து’ என்பதை ஓரத்திலுள்ள எழுத்து என்று யாரும் படிப்பதில்லை. வினையாக்கவும் தடையில்லை: “படிக்கட்டில் இறங்கியதும் ஓரச்சில் ஓடு” என்று சொல்லலாம்.

ஆனால் திரையின் அடியில் வித்தைப் பெயர்கள் கூட்டல் குறியிட்டு ஒன்றன்பின் ஒன்றாக நீளும் இடத்தில் ‘பின்னச்சோட்டம்’, ‘முன்னச்சோட்டம்’ என்பவை மிக நீளம். அங்கே மாட்டுவண்டிக்காரர்களின் சொற்களையே எடுத்துக்கொள்ளலாம் என்று தோன்றுகிறது. மாட்டுவண்டிக்கு ஒரே அச்சு. சுமை பின்னால் கூடினால் நுகத்தடி மேலே தூக்கும்; அதைப் பின்பாரம் என்பார்கள். முன்னால் கூடினால் மாட்டின் கழுத்தில் அழுத்தும், அது முன்பாரம். ஓட்டுபவர் தாம் உட்காரும் இடத்தைச் சற்றுத் தள்ளியே அதைச் சரிசெய்வார். அளவியின் முள்ளோடு நாம் போராடுவதும் இதே கணக்குதான். எனவே மேனுவலுக்குப் ‘பின்பாரம்’, நோஸ் மேனுவலுக்கு ‘முன்பாரம்’.

ஒரு பக்கக் குறிப்பு: பலகையோடு எம்பிக் குதிக்கும் ‘ஆலி’ என்ற வித்தையின் பெயரைத் தமிழாக்கும் முயற்சியை விட்டுவிட வேண்டுகிறேன். அது ஆலன் கெல்ஃபாண்ட் என்ற ஸ்கேட்போர்டு வீரரின் செல்லப்பெயரிலிருந்து வந்தது. ஆள்பெயரைப் பெயர்க்க வேண்டியதில்லை.

சோதனைக்காகப் பயிற்சிக் குறிப்பின் ஒரு வரியை எழுதிப் பார்த்தேன்: “ஆலி அடித்துக் கம்பியில் ஏறி உரசி, இறங்கும்போது பின்பாரம் பிடித்து, அடுத்த கம்பி வரை ஓரச்சில் போ.” ‘பிடித்து’ என்பதா, ‘போட்டு’ என்பதா என்பதில் மட்டும் எனக்குத் தெளிவில்லை. வண்டி ஓட்டிய பெரியவர்கள் வீட்டில் இருப்பவர்கள் கேட்டு எழுதுங்கள்.

அன்புடன்,
உங்கள் குழு உறுப்பினன்