பெரிய குடும்பம் குழு: ரம்யாவுக்குப் போட்ட ஊசி

மாலா சித்தி: கவிதா, பிரசவத்தில் ரம்யாவுக்கு ரத்தம் நிற்காமல் ஒரு ஊசி போட்டார்களே, அது என்ன?

கவிதா: டிரானெக்சாமிக் ஆசிட், சித்தி. உறைந்த ரத்தத்தைக் கரைய விடாது. கண்டுபிடித்தது ஜப்பான் டாக்டரம்மா உட்டாகோ ஒகாமோட்டோவும் அவர் கணவர் ஷோசுகேயும்.

பெரியப்பா: ஜப்பானா! அமெரிக்கா என்றல்லவா நினைத்தேன்.

கவிதா: போர் முடிந்து கையில் காசில்லாத காலம் பெரியப்பா. ரத்தத்தைப் பற்றி ஆராய்ச்சி என்றால், பற்றாக்குறை வந்தாலும் தங்கள் ரத்தத்தையே எடுத்துக்கொள்ளலாம், அதனால்தான் அதில் இறங்கினார்கள். குழந்தையைப் பார்க்க ஆளில்லாமல் முதுகில் கட்டிக்கொண்டு லேபில் நின்றிருக்கிறார் உட்டாகோ.

அருண்: முதல் தடவை ஆராய்ச்சி மாநாட்டில் அவர் மேடையேறியபோது, ஆடிக் காட்டப் போகிறீர்களா என்று ஆண்கள் கேலி செய்தார்களாம்.

ராணி அத்தை: கட்டையில் போறவங்க!

கவிதா: 1962லேயே கட்டுரை வந்துவிட்டது. பிரசவ ரத்தப்போக்குக்குப் பரிசோதித்துப் பாருங்கள் என்று கேட்டும், கோபே நகர மகப்பேறு டாக்டர்கள் யாரையும் அவரால் சம்மதிக்க வைக்க முடியவில்லை. பல் பிடுங்க, மாதவிடாய்க்கு என்று சில்லறை வேலைக்குத்தான் மருந்து போனது. எனக்கு ஆத்திரம் வருவது இங்கேதான்.

பெரியப்பா: அப்புறம் எப்போதுதான் பார்த்தார்கள்?

கவிதா: 2010ல் விபத்துக் காயங்களுக்கு நிரூபணமானது. பிரசவத்துக்கு 2017ல்தான். 21 நாடுகளில் 20,060 பெண்களிடம் பரிசோதித்தார்கள். 3 மணி நேரத்துக்குள் கொடுத்தால் ரத்தப்போக்கால் வரும் சாவு ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு குறைகிறது. ரம்யாவுக்கு உடனே போட்டது அதனால்தான்.

மாலா சித்தி: அந்த அம்மா இருந்து பார்த்தாரா?

கவிதா: இல்லை சித்தி. 2016 ஏப்ரலில் 98 வயதில் போய்விட்டார். முடிவு வந்தது அடுத்த ஏப்ரலில்.

அருண்: அவர் படித்த பெண்கள் மருத்துவக் கல்லூரியை 1900ல் தொடங்கியதும் யோஷியோகா யாயோய் என்ற டாக்டரம்மாதான். ஆனால் பாருங்கள், டோக்கியோ மருத்துவப் பல்கலைக்கழகம் நுழைவுத் தேர்வில் பெண்களின் மதிப்பெண்ணை வேண்டுமென்றே குறைத்தது 2018ல்தான் வெளியே வந்தது.

பெரியப்பா: ஜப்பானிலேயே இப்படியா?

ராணி அத்தை: கவிதா, அதிக உதிரத்துக்கு எனக்கு எழுதிக் கொடுத்த மாத்திரையிலும் இந்தப் பெயர்தான் இருக்கிறது.

கவிதா: அதே மருந்துதான் அத்தை. இருங்கள், உங்களுக்குக் காலில் ரத்தக்கட்டி வந்ததே, டாக்டரிடம் சொன்னீர்களா?

ராணி அத்தை: அவர் கேட்கவே இல்லையே.

கவிதா: அடுத்த மாத்திரையைப் போடாதீர்கள். முதலில் அவருக்குப் போன் போட்டுச் சொல்லுங்கள், இப்போதே.