டிடபிள்யூஜி வரைபடத்தைக் காசில்லாமல் திறந்து அளவு பிசகாமல் அச்செடுப்பது எப்படி?

பட்டறை_ரங்கூன்:
20 அடிக்கு 60 அடி மனையில் கட்டும் வீட்டின் பிளான் டிடபிள்யூஜி (ஆட்டோகேட் வரைபடம்) கோப்பாக வந்திருக்கிறது. லிப்ரேகேட் என்ற இலவச வரைபட மென்பொருளில் பாதிக் கோடுகள்தான் தெரிகின்றன, அளவு மில்லிமீட்டரில் காட்டுகிறது. பர்மிய எழுத்து இருந்த இடத்தில் வெறும் ஆங்கில எழுத்துக் குப்பை. வாசல் கேட், ஜன்னல் வெல்டிங்குக்கு அளவு சரியாக வேண்டும்.

வரைகோடு:
தம்பி, லிப்ரேகேடில் டிடபிள்யூஜியை நேரே திறக்காதீங்க. அது டிஎக்ஸ்எஃப்புக்குத்தான் (மென்பொருள்களுக்கிடையே வரைபடம் மாற்றிக்கொள்ளும் கோப்பு வடிவம்) ஒழுங்கா வேலை செய்யும். கோப்பை நோட்பேடில் திறந்து முதல் ஆறு எழுத்தைப் பாருங்க. ஏசி1032ன்னா 2018 வடிவம், ஏசி1027ன்னா 2013, ஏசி1015ன்னா 2000. பார்த்துட்டு சேமிக்காம மூடிடுங்க.

டிடபிள்யூஜியை டிஎக்ஸ்எஃப்பாக மாத்த ஓடிஏ ஃபைல் கன்வர்ட்டர் இருக்கு; இலவசம், விண்டோஸ், லினக்ஸ் ரெண்டிலும் ஓடும். கோப்பைத் தனி ஃபோல்டரில் வைங்க, வெளியீட்டுக்கு வேற ஃபோல்டர் கொடுங்க, வடிவம் 2007 ஆஸ்கி டிஎக்ஸ்எஃப், ஆடிட்டை (கோப்பில் பிழை தேடித் திருத்துவது) டிக் பண்ணுங்க. அதுக்கப்புறமும் சுவர் காணோம்னா அது எக்ஸ்ரெஃப், அதாவது வேற கோப்பில் இருக்கு. அனுப்பினவரிடம் ஈ-டிரான்ஸ்மிட் (ஆட்டோகேடில் எல்லாக் கோப்பையும் ஒன்றாகக் கட்டும் வசதி) ஜிப்பாகக் கேளுங்க, கூட்டுக் கோப்பும் ஃபான்ட்டும் சேர்ந்தே வரும்.

அங்குலம்:
அளவு விஷயம்: இங்கே வரைவது அங்குலத்தில். 20 அடிச் சுவரை அளந்தால் 240ன்னு வரும். அதை 25.4ஆல் பெருக்கி ஸ்கேல் பண்ணாதீங்க, எண் சரியாத்தான் இருக்கு, அலகின் பெயர்தான் தப்பு. லிப்ரேகேடின் கரன்ட் டிராயிங் பிரிஃபரன்ஸஸில் யூனிட்டை இஞ்ச், ஃபார்மட்டை ஆர்க்கிடெக்சரல்னு மாத்தினாப் போதும்.

பிரின்ட் பிரிவியூவில் 1:96 கொடுங்க, அடிக்கு எட்டில் ஒரு அங்குலம். 60 அடி ஏழரை அங்குலத்தில் வரும், ஏ4 தாளிலேயே அடங்கும். பிரின்டரில் "ஃபிட் டு பேஜ்" இருந்தால் எடுத்துடுங்க, இல்லேன்னா எல்லாமே சுருங்கிடும். அச்சானதும் 20 அடிச் சுவர் தாளில் இரண்டரை அங்குலமான்னு ஸ்கேல் வச்சுப் பார்த்த பிறகே இரும்பை வெட்டுங்க.

வரைகோடு:
எழுத்துக்கு: பழைய பிளான்களில் வின் இன்வா மாதிரி ஃபான்ட் இருக்கும். அது ஆங்கில எழுத்தின் இடத்தில் பர்மிய வடிவத்தை வைத்தது, ஃபான்ட் இல்லாட்டி ஆங்கிலமாத்தான் தெரியும். யூனிகோட் ஃபான்ட் போட்டாலும் தீராது. லிப்ரேகேடும் தன் சொந்த எல்எஃப்எஃப் ஃபான்ட்டைத்தான் எடுக்கும். அதனால விண்டோஸில் அதே ஃபான்ட்டை நிறுவி, ஆட்டோடெஸ்க்கின் இலவச டிடபிள்யூஜி ட்ரூவியூவில் மூலக் கோப்பைத் திறந்து பிடிஎஃப் எடுங்க. குறிப்பைப் பிடிஎஃப்பில் படிங்க, அளவை டிஎக்ஸ்எஃப்பில் எடுங்க.