தொடருக்குப் பின்னணி இசை: வாரம் ஒரு எபிசோடு, எப்படிச் சமாளிக்கிறது?

கேள்வி:
இதுவரை குறும்படங்களுக்குத்தான் இசை. இப்போ ஒரு தொலைக்காட்சித் தொடர் பேச்சுல இருக்கு. எபிசோடு 40 நிமிஷம், அதுல 25 நிமிஷம் மியூசிக், கையில ஒரு வாரம். இந்த வேகத்துக்கு எப்படித் தயாராகறது? டெலிவரியில எங்கே இடிக்கும்? ஒப்பந்தத்துல எதைப் பார்க்கணும்?

பதில் 1:
25 நிமிஷத்தையும் புதுசா எழுதப் பார்க்காதீங்க. ஒரு நாளைக்கு 2, 3 நிமிஷம் முடிச்ச இசை வந்தாலே நல்ல வேகம். மீதி உங்க சொந்தச் சேமிப்புலேர்ந்து வரணும். எடிட் தொடங்குறதுக்கு முன்னாடியே முக்கியப் பாத்திரங்களுக்கும் சூழல்களுக்கும் ஐந்தாறு தீம் எழுதிடுங்க. ஒவ்வொன்றுக்கும் முழு வடிவம், மெலடி இல்லாத வடிவம், தாளம் இல்லாத வடிவம், வெறும் நீள்சுரம் மட்டும் உள்ள வடிவம்னு நாலு. ஃபைல் பெயரிலேயே டெம்போவும் சுருதியும் இருக்கட்டும். எடிட்டர் இதையே தற்காலிக இசையா வெட்டி வெச்சுக்குவார். இல்லேன்னா வேற ஏதோ படத்தோட இசையை வெச்சிருப்பார், இயக்குநர் காது அதுக்கே பழகிடும். பழகிட்டா நீங்க என்ன கொடுத்தாலும் ‘அது மாதிரி இல்லையே’ன்னுதான் வரும்.

பேசுற காட்சியில சோலோ புல்லாங்குழலோ வயலினோ மேல் ஸ்தாயியில வேண்டாம். பேச்சோட தெளிவு பெரும்பாலும் 1 முதல் 4 கிலோஹெர்ட்ஸுக்குள்ள இருக்கு. அங்கே மோதினா மிக்ஸிங்ல உங்க இசையைத்தான் இறக்குவாங்க.

பதில் 2:
டெலிவரி பற்றி. ஒலி ஃபைலின் தரம் 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் என்பதே வழக்கம். ஆனாலும் எழுத்தில் கேட்டு வாங்குங்கள். ஃப்ரேம் ரேட்டையும் (விநாடிக்கு எத்தனை ஃப்ரேம் என்பதையும்) முதல் நாளே கேளுங்கள். 23.976-இல் ஓடும் படத்துக்கு 24 என்று வைத்து எழுதினால் வித்தியாசம் 0.1 சதவீதம்தான், ஆனால் 40 நிமிட முடிவில் 2.4 விநாடி விலகி நிற்கும். எடிட்டர் படத்தின் முதல் ஃப்ரேமுக்குச் சரியாக 2 விநாடி முன்பு ஒரு ஃப்ரேம் நீள ‘பீப்’ வைத்துத் தரட்டும். ஒத்திசைவைச் சரிபார்க்க இதைவிடச் சுலபமான வழி கிடையாது.

அதிகம் பேர் சிக்குவது ஸ்டெம்களில், அதாவது வாத்தியக் குழுவாரியாகப் பிரித்துத் தரும் தனித்தனி ஃபைல்களில். எல்லா ஸ்டெம்மும் ஒரே டைம்கோடில் (படத்தின் நேரக் குறியீட்டில்) தொடங்கி ஒரே நீளத்தில் முடிய வேண்டும். தந்தி வாத்தியம், தாளம், சின்த் எல்லாம் ஒரே ரிவெர்பை (எதிரொலி எஃபெக்ட்டை) பகிர்ந்தால், தாளத்தை மட்டும் மியூட் செய்த பிறகும் அதன் எதிரொலி வேறொரு ஸ்டெம்மில் கேட்டுக்கொண்டிருக்கும். ஒவ்வொரு ஸ்டெம்முக்கும் தனி ரிவெர்ப் போடுங்கள். மாஸ்டரில் (எல்லாம் சேரும் இறுதித் தடத்தில்) லிமிட்டர் (உச்ச ஒலியை அடக்கும் கருவி) இருந்தால் ஸ்டெம்களைக் கூட்டும்போது மூல மிக்ஸ் வராது. அனுப்பும் முன் எல்லாவற்றையும் புதிய செஷனில் சேர்த்து, மூல மிக்ஸையும் அதன் ஃபேஸை (ஒலி அலையை) தலைகீழாக்கிக் கூடவே ஓட்டிப் பாருங்கள். இரண்டும் ஒன்றையொன்று ரத்து செய்து நிசப்தம் வந்தால் சரி.

கேட்டவர்:
கதவு அறையும் இடம் மாதிரி ஒரு புள்ளியில இசை சரியா விழணும்னா?

பதில் 1:
கணக்குப் போட்டு டெம்போவை எடுங்க. க்யூ, அதாவது அந்தக் காட்சிக்கான இசைத் துண்டு, தொடங்கி 21.4 விநாடியில கதவு அறையுதுன்னா, அது 11-வது பாரின் (தாளச் சுற்றின்) முதல் பீட்ல விழணும்னு வைங்க. நாலு பீட் பார்னா இடையில 40 பீட். 40 × 60 ÷ 21.4 = 112.15. அதுதான் டெம்போ. எல்லா அசைவுக்கும் இப்படிப் பிடிக்கப் போகாதீங்க, கார்ட்டூன் மாதிரி ஆயிடும். எடிட் மாறினா எங்கெங்கே மாறிச்சுன்னு எடிட்டர்கிட்ட மாற்றப் பட்டியல் கேட்டு வாங்குங்க, கண்ணால தேடினா நாள் முழுக்கப் போயிடும்.

பதில் 3:
ஒப்பந்தத்தில் முதலில் திருத்தங்களின் எண்ணிக்கையைப் பாருங்கள். ஒரு க்யூவுக்கு இரண்டு திருத்தம், படம் பூட்டிய (எடிட் இறுதி என்று முடிவான) பிறகு எடிட் மாறினால் தனிக் கட்டணம் என்று எழுதுங்கள். வாத்தியக் கலைஞர்கள், ஸ்டுடியோ செலவெல்லாம் உங்கள் மொத்தத் தொகைக்குள்ளேயே என்றால், நேரடி வாத்தியங்களுக்கு எவ்வளவு ஒதுக்குகிறீர்கள் என்று கையெழுத்துக்கு முன்பே கணக்கிடுங்கள். இசையமைப்பாளர் பங்கு ராயல்டியை விட்டுக்கொடுக்காதீர்கள்.

க்யூ ஷீட்டை (எபிசோடில் வரும் இசைத் துண்டுகளின் பட்டியலை) நீங்களே நிரப்புங்கள். க்யூவின் பெயர், விநாடி வரை நீளம், டைட்டிலா பின்னணியா காட்சிக்குள் ஒலிப்பதா என்ற வகை, எழுதியவர், பதிப்பாளர் (இசை உரிமையை நிர்வகிப்பவர்), ஒவ்வொருவரின் சதவீதம். ஒளிபரப்பு ராயல்டியை உரிமைச் சங்கங்கள் இதைப் பார்த்துத்தான் பிரிக்கின்றன. இறுதி மிக்ஸில் சில க்யூக்கள் நீக்கப்படும், சில நீட்டப்படும்; அதனால் மிக்ஸ் முடிந்த பிரதியைப் பார்த்து நிரப்பி, தயாரிப்பு நிறுவனம் சங்கத்துக்கு அனுப்பியதன் நகலையும் கேட்டு வாங்குங்கள்.